மரங்களைப்போல நடக்கிற மனிதர்கள்

"நான் சாட்சி சொல்லிட்டேன் மேடம். அதனாலதான் திரும்பி வர முடியல."

நாலு மாதம் கழித்து என் அறைக்கு வந்த ஓர் ஆசிரியை, நாற்காலியில் உட்காரும் முன்பே சொன்னது இது. கையில் பழைய ஃபைல் இல்லை. கிழித்துப் போட்டுவிட்டாராம்.

அவர் முதல் முறை வந்தபோது அம்மா இறந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. விடியற்காலை மூன்று மணிக்கு முழிப்பு வந்துவிடும். அப்புறம் தூக்கம் கிடையாது. வகுப்பில் சாக்பீஸைப் பிடித்தபடி, எழுத வந்தது என்ன என்று தெரியாமல் நிற்பார். அடுப்படிப் பக்கம் போயே ஆறு வாரம் ஆகியிருந்தது. நான் மருந்து எழுதுகிறவள் அல்ல, மனநல ஆலோசகர். அதனால் என்னோடு சேர்ந்து வேலை செய்யும் மனநல மருத்துவரிடம் அனுப்பினேன். மனச்சோர்வு என்று உறுதி செய்து அவர் மாத்திரை தொடங்கினார். ஐந்தாவது வாரத்தில் தூக்கம் வந்தது. ஒரு சனிக்கிழமை தானே சந்தைக்குப் போய் சாளை வாங்கி வந்து குழம்பு வைத்ததாகச் சொன்னார். இப்படி ஒரு சேதிக்காகத்தான் எங்கள் தொழிலில் வாரக்கணக்கில் காத்துக்கிடப்போம்.

அந்த வாரமே அவர்கள் ஊரில் மூன்று நாள் எழுப்புதல் கூட்டம். கடைசி இரவில், விடுதலை பெற்றவர்கள் முன்னால் வாருங்கள் என்று மேடையிலிருந்து அழைத்தார்கள். இவருக்கு உண்மையிலேயே மனசு லேசாக இருந்தது. போனார். மைக்கைக் கையில் கொடுத்ததும் வாய் தானாகச் சொல்லிவிட்டது: "கர்த்தர் என்னைப் பூரணமா சுகமாக்கிட்டார். மாத்திரையெல்லாம் விட்டுட்டேன்." கூட்டம் முழுக்க அல்லேலூயா.

அந்த நேரத்தில் அவர் மாத்திரையை விட்டிருக்கவில்லை. சாட்சி பொய்யாகிவிடக் கூடாதே என்றுதான், வீட்டுக்குப் போய் மீதி அட்டையைக் குப்பையில் போட்டார். இதைச் சொல்லும்போது அவர் அழவில்லை. எனக்குத்தான் என்னவோ செய்தது. எவ்வளவு நேர்மையான பெண் பாருங்கள்.

சில நாளில் தலைசுற்றல், மண்டைக்குள் கரண்ட் பாய்வதுபோல ஒரு வெட்டு, யாரைப் பார்த்தாலும் எரிச்சல். மாத்திரையைத் திடீரென நிறுத்தினால் பலருக்கும் வருவதுதான் இது. அவரோ பிசாசு திரும்பி வந்துவிட்டதாகப் பயந்தார். மூன்றாவது வாரம் பழைய விடியற்காலை மூன்று மணி வந்து சேர்ந்தது. யாரிடமும் சொல்ல வழியில்லை. சபையில் அவரைக் காட்டித்தான் மற்றவர்களுக்குத் தைரியம் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

(இந்தக் கட்டுரையில் வருகிறவர்களின் அடையாளங்களை மாற்றியிருக்கிறேன், சில இடங்களில் இரண்டு பேரின் கதையை ஒன்றாக்கியிருக்கிறேன். நெல்லை, குமரிப் பக்கம் இருக்கிறவர்கள் "இது அவங்கதானே" என்று யோசிக்க வேண்டாம்.)

நானும் விசுவாசிதான். ஜனவரி ஒன்றாம் தேதி நள்ளிரவு ஆராதனையில் வாக்குத்தத்த அட்டை வாங்கி, பர்ஸில் வைத்து, டிசம்பர் வரை தடவிப் பார்க்கிறவள். அதனால் ஜெபக்கூட்டங்களைக் கிண்டல் செய்ய இதை எழுதவில்லை. இத்தனை வருஷம் இந்த நாற்காலியில் உட்கார்ந்து நான் கண்ட ஒரு விஷயம் உறுத்துகிறது, அவ்வளவுதான். முழுச் சுகம் பெற்றவருக்கு நம் சபைகளில் மேடை இருக்கிறது. நோயாளிக்கு ஜெபக்குறிப்பில் இடம் இருக்கிறது. பாதி சுகமானவர் உட்கார ஒரு பெஞ்சு இல்லை. மனசு ஆறுகிறவர்களில் பெரும்பாலோர் மாதக்கணக்கில், சிலர் வருஷக்கணக்கில், அந்தப் பாதியில்தான் இருக்கிறார்கள்.

மாற்கு எட்டாம் அதிகாரத்தில் பெத்சாயிதா ஊர்க் குருடனின் கதை வரும். நற்செய்தி நூல்களிலேயே இரண்டு தடவையாக நடந்த சுகம் இது ஒன்றுதான். இயேசு அவன் கையைப் பிடித்துக் கிராமத்துக்கு வெளியே கூட்டிக்கொண்டுபோய், கண்களில் உமிழ்ந்து, கைகளை வைத்துவிட்டு, "எதையாகிலும் காண்கிறாயா" என்று கேட்கிறார். அவன் ஏறிட்டுப் பார்த்து, "நடக்கிற மனுஷரை மரங்களைப்போலக் காண்கிறேன்" என்கிறான்.

நான் அந்த இடத்தில் இருந்திருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். கை வைத்தது யார்? ஊரே பேசுகிற போதகர். அவர் முகத்துக்கு நேரே "சரியா தெரியல ஐயா" என்று எப்படிச் சொல்வது? "தெரியுது ஐயா, ஸ்தோத்திரம்" என்று சொல்லிவிட்டு, வழியெல்லாம் மரங்களில் முட்டிக்கொண்டே வீட்டுக்குப் போயிருப்பேன். அவன் அப்படிச் செய்யவில்லை. உள்ளதை உள்ளபடி சொன்னான். இயேசுவும் "உனக்கு விசுவாசம் பத்தாது" என்று சொல்லவில்லை. மறுபடியும் கை வைத்தார். கடைசியில் "கிராமத்தில் இதை ஒருவருக்கும் சொல்லாமலும் இரு" என்று வேறு சொல்லி அனுப்பினார். இந்தக் கடைசி வரியை வைத்து யாரும் பிரசங்கம் செய்து நான் கேட்டதில்லை.

அந்த ஆசிரியையிடம் அன்றைக்கு இந்தக் கதையைத்தான் வாசிக்கச் சொன்னேன். வாசித்துவிட்டு, "அப்போ நான் மரத்தைப் பார்த்துட்டு மனுஷன்னு சொல்லிட்டேன்" என்றார். லேசாகச் சிரித்தார்கூட.

சுகம் ஏன் மெதுவாக வருகிறது என்பதற்கு உடம்புக்குள்ளேயே பாதி பதில் இருக்கிறது. மனச்சோர்வுக்குப் பரவலாகக் கொடுக்கப்படுவது எஸ்.எஸ்.ஆர்.ஐ. வகை மாத்திரைகள். போட்ட சில மணி நேரத்திலேயே அது மூளையின் நரம்புச் சந்திப்புகளில் செரட்டோனின் என்ற வேதிப்பொருளின் அளவைக் கூட்டத் தொடங்கிவிடும். ஆனால் மனசு அன்றைக்கே மாறாது. நரம்பணுக்கள் இந்தப் புது அளவுக்குத் தங்களைப் பழக்கிக்கொள்ள வேண்டும், இணைப்புகள் மாற வேண்டும். பொதுவாக 2 முதல் 4 வாரத்தில் முதல் அசைவு தெரியும். முழுப் பலனைப் பார்க்க 6 முதல் 8 வாரம் ஆகும். அதற்கப்புறம், நன்றாகிவிட்டது என்று தோன்றிய நாளிலிருந்து எண்ணி, குறைந்தது 6 மாதமாவது மாத்திரையைத் தொடரச் சொல்வார்கள். நன்றாக இருக்கும்போது எதற்கு மருந்து என்று கேட்காதவர் கிடையாது. சீக்கிரம் நிறுத்தினால் நோய் திரும்பும் வாய்ப்பு கூடுகிறது என்பதுதான் காரணம். நிறுத்தும்போதும் டாக்டர் சொல்கிறபடி கொஞ்சம் கொஞ்சமாகத்தான் குறைக்க வேண்டும்.

சுகம் வருவதிலும் ஒரு வரிசை உண்டு. பலருக்கு முதலில் தூக்கம் வரும், பிறகு பசி, பிறகு உடம்பில் கொஞ்சம் தெம்பு. மனசு வெளுப்பது கடைசியில். அதனால் பக்கத்தில் இருக்கிறவர் முதலில் கண்டுபிடிப்பார். நோயாளிக்கு "ஒண்ணும் மாறல" என்றுதான் இருக்கும். இதில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. தெம்பு திரும்பி, மனசு இன்னும் இருட்டாகவே இருக்கிற அந்த இடைவெளியில், சாக வேண்டும் என்ற எண்ணத்தைச் செயலாக்கும் சக்தி சிலருக்கு வந்துவிடலாம். முதல் சில வாரங்கள், முக்கியமாக 25 வயதுக்குக் கீழே உள்ளவர்களை, வீட்டார் கண்ணுக்குள் வைத்துப் பார்த்துக்கொள்ள வேண்டும். "நல்லா ஆயிட்டு வாரான்" என்று தனியே விட்டுவிடுகிற நேரம் அது அல்ல.

ஆத்துமா விஷயம் வேறு, மூளை விஷயம் வேறு என்று சிலர் சொல்வார்கள். எலியா தீர்க்கதரிசியின் கதையைப் பார்த்தால் கர்த்தருக்கு அந்தப் பிரிவினை தெரிந்த மாதிரி இல்லை. கர்மேல் மலையில் அவ்வளவு பெரிய வெற்றிக்குப் பின்னால், ஒரு மிரட்டலுக்குப் பயந்து வனாந்தரத்தில் ஓடி, சூரைச்செடியின்கீழ் உட்கார்ந்து, "போதும் கர்த்தாவே, என் ஆத்துமாவை எடுத்துக்கொள்ளும்" என்கிறான். பதிலாக அவனுக்கு வந்தது புத்திமதி அல்ல. தழலில் சுட்ட அடையும், ஒரு பாத்திரம் தண்ணீரும். சாப்பிட்டான், மறுபடியும் தூங்கினான். தூதன் இரண்டாம் தரமும் தட்டியெழுப்பிச் சாப்பிட வைத்தான். அதன்பின் ஓரேப் மலைக்கு நாற்பது நாள் நடை. "இங்கே உனக்கு என்ன காரியம்" என்று கர்த்தர் அவனிடம் கேட்டது அந்த நடை முடிந்த பிறகு. தூக்கம், சாப்பாடு, தூக்கம், சாப்பாடு, நடை, அப்புறம் பேச்சு. என் சிகிச்சைத் திட்டமும் ஏறக்குறைய இதே வரிசையில்தான் இருக்கும்.

ஆனால் எல்லாக் காயமும் மனச்சோர்வு அல்ல. காத்திருப்பு என்பது வேறு முகத்தோடு வருகிற ஒரு நோயைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். சபைகளில் இதைச் சரியாக அடையாளம் காண்கிறவர்கள் குறைவு.

இன்ஜினியரிங் படிக்கிற ஒரு தம்பி. திருவிருந்தில் அப்பத்தை வாங்கும் நேரத்தில் மனசுக்குள் ஒரு கெட்ட வார்த்தை வந்துவிட்டது. அவ்வளவுதான். பரிசுத்த ஆவிக்கு விரோதமான தூஷணம் செய்துவிட்டேன், அதற்கு மன்னிப்பே கிடையாது என்று பிடித்துக்கொண்டான். "மன்னியும்" என்று ஏழு தடவை ஜெபிப்பான். நடுவில் கவனம் பிசகினால் முதலிலிருந்து. ஏழு, எழுபதானது. ராத்திரி மொட்டை மாடியில் இரண்டு மணி நேரம் முழங்காலில். வீட்டில் முதலில் சந்தோஷப்பட்டார்கள், பையன் ஆவிக்குரிய ஆளாகிவிட்டான் என்று. பிறகு ஒரு ஜெபக்குழுவுக்குக் கூட்டிப்போனார்கள். அங்கே பிசாசின் கட்டு இருக்கிறது என்று சொல்லித் தலையைப் பிடித்து உலுக்கி மூன்று மணி நேரம் ஜெபித்தார்கள். அதற்குப் பிறகு கெட்ட வார்த்தைகள் இன்னும் கூடின.

இது ஓ.சி.டி., வேண்டாத எண்ணமும் அதைத் தணிக்கச் செய்கிற செயலும் விடாமல் திரும்பத் திரும்ப வருகிற நோய். சிலருக்குக் கை கழுவுவதாக வரும், சிலருக்குப் பூட்டை இழுத்து இழுத்துப் பார்ப்பதாக வரும், பக்தியுள்ளவர்களுக்குப் பல சமயம் பாவ பயமாக வரும். கெட்ட எண்ணம் வருவது நோயாளியின் விருப்பத்தால் அல்ல. அது வரவே கூடாது என்று தவிக்கிறவருக்குத்தான் அது திரும்பத் திரும்ப வருகிறது. புதிய நோயும் அல்ல. சேசு சபையைத் தொடங்கிய லொயோலா இஞ்ஞாசியார், 1522இல் ஸ்பெயினின் மன்ரேசா ஊரில் தங்கியிருந்தபோது இதே மாதிரியான பாவ பயத்தில் சிக்கினார். ஏற்கெனவே சொன்ன பாவங்களையே திரும்பத் திரும்பப் பாவசங்கீர்த்தனத்தில் சொல்லியும் ஆறாமல், உயிரை விட்டுவிடலாமா என்று நினைக்கும் அளவுக்குப் போனார்.

தம்பிக்கு மருந்தோடு சேர்த்து நான் கொடுத்த பயிற்சி கேட்பதற்கு விநோதமாக இருக்கும்: ஜெபத்தைக் குறை. ஒரு முறை "மன்னியும்" சொல், ஆமென் சொல், எழுந்துவிடு. மன்னிப்பு கிடைத்ததா இல்லையா என்ற பதற்றம் வரும். வரட்டும். அதைத் தணிக்க மறுபடி ஜெபிக்காதே. அதோடு உட்கார்ந்திரு. அவனுக்கு இது விசுவாசத்தில் பின்வாங்குவதாகத் தெரிந்தது. அவனுடைய சபைப் போதகரையே கூப்பிட்டுப் பேசினேன். நல்ல மனிதர். விஷயத்தைக் கேட்டதும், "அப்படின்னா இவன் நூறு தடவை கேட்கிறது விசுவாசத்தால இல்லையே, நம்பிக்கை இல்லாததால கேட்கிறான்" என்றார். நான் ஆறு வாரமாகச் சொல்ல முயன்றதை அவர் ஒரே மூச்சில் சொல்லிவிட்டார். ஒரு முறை கேட்டுவிட்டு எழுந்து சாப்பிடப் போவது அந்தப் பையனுக்கு எவ்வளவு பெரிய விசுவாசக் கிரியை என்பது அவனோடு அந்த மொட்டை மாடியில் இருந்தவர்களுக்குத்தான் தெரியும். ஓ.சி.டி.க்கு மருந்து வேலை செய்ய மனச்சோர்வைவிட அதிக நாள் பிடிக்கும். 8 முதல் 12 வாரம் என்று வைத்துக்கொள்ளலாம். அவன் ஓரளவு நிமிர எட்டு மாதம் ஆனது. இன்னும் சில ஞாயிற்றுக்கிழமைகளில் வார்த்தை வருமாம். "வந்தா வந்துட்டுப் போகட்டும்னு பாட்டுப் புக்கைப் புரட்டிட்டு இருப்பேன்" என்கிறான்.

அந்த இஞ்ஞாசியார் பின்னாளில் ஆன்மிகப் பயிற்சிகளுக்காக எழுதிவைத்த விதிகளில் ஒன்றை நான் மதம் பார்க்காமல் எல்லோருக்கும் சொல்கிறேன். மனம் வறண்டு கிடக்கிற காலத்தில், அதற்கு முன்னால் தெளிவாக இருந்தபோது எடுத்த முடிவை மாற்றாதே. வேலையை விடுவது, கல்யாணத்தை முறிப்பது, மாத்திரையை நிறுத்துவது, சபையை விட்டு விலகுவது எல்லாவற்றுக்கும் இது பொருந்தும். 500 வருஷத்துக்கு முந்தைய ஆலோசனை. இன்றைக்கும் அதைவிட நல்லது எனக்குக் கிடைக்கவில்லை.

கிறிஸ்தவர்களைப் பற்றி மட்டும் பேசுகிறேன் என்று நினைக்க வேண்டாம். கடவுளை நம்பி ஆறுதலுக்காகக் காத்திருப்பது இந்த மண்ணில் எல்லோருக்கும் பொது. திண்டுக்கல் பக்கம் முத்துசாமி கோயில் ஒன்றில் மனநோயாளிகளைக் கொண்டுபோய்த் தங்க வைப்பது வழக்கம். பெங்களூரில் உள்ள தேசிய மனநல நிறுவனமான நிம்ஹான்ஸ் ஆய்வாளர்கள் அங்கே தங்கிய 31 பேரைக் கவனித்து, 2002இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதினார்கள். பெரும்பாலோர் கடுமையான மனநோய் உள்ளவர்கள். சராசரியாகச் சில வாரங்கள் தங்கி முடித்தபோது நோய் அறிகுறிகள் சுமார் 20 சதவீதம் குறைந்திருந்தன. அங்கே பேயோட்டும் சடங்கு எதுவும் கிடையாது. வீட்டார் ஒருவர் கூடவே தங்குகிறார், கோயில் வேலைகளில் நோயாளியும் சேர்ந்துகொள்கிறார், யாரும் விரட்டுவதில்லை. இதனால் மருந்து வேண்டாம் என்று ஆகிவிடாது. 31 பேரை வைத்து அப்படிச் சொல்லவும் முடியாது. அவசரப்படுத்தாத ஓர் இடத்தில், தன் ஆள் ஒருவரோடு இருப்பதே ஒரு மருந்துதான் என்று மட்டும் எடுத்துக்கொள்கிறேன். வேலூர் சி.எம்.சி.யின் பாகாயம் மனநல மையத்திலும் நோயாளியோடு வீட்டார் தங்குவது நெடுநாள் வழக்கம்.

இதன் மறுபக்கத்தையும் நம் மாநிலம் பார்த்திருக்கிறது. 2001 ஆகஸ்ட் 6 அதிகாலை, ஏர்வாடியில் ஒரு தனியார் காப்பகத்தில் தீப்பிடித்தபோது, சங்கிலியால் கட்டிவைக்கப்பட்டிருந்தவர்களால் ஓட முடியவில்லை. 28 பேர் இறந்தார்கள். தர்காவில் ஒருநாள் சுகம் கிடைக்கும் என்று நம்பி வீட்டார் கொண்டுவந்து விட்டவர்கள். காத்திருக்கச் சொல்லிக் கட்டிப்போட்டுவிட்டு, கூட இருக்க ஆள் இல்லாமல் போனால் அதற்குப் பெயர் காத்திருப்பு அல்ல. 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் சங்கிலியில் கட்டுவதை எந்த வடிவத்திலும் தடை செய்கிறது.

என் கணக்கையும் நான் ஒப்புக்கொள்ள வேண்டும். தொழிலுக்கு வந்த புதிதில், ஒரு பஸ் கண்டக்டர் அண்ணனிடம், "மூணு மாசத்துல சரியாயிடும் அண்ணே, கவலப்படாதீங்க" என்று சொன்னேன். தைரியம் கொடுக்கிறதாக நினைப்பு. அவர் வீட்டுத் தினசரிக் காலண்டர் தாள்களைக் கிழித்துக் கிழித்துச் சேர்த்துவைத்திருக்கிறார். 92ஆம் நாள் அந்தத் தாள்கட்டை என் மேசையில் வைத்து, "நீங்க சொன்னதெல்லாம் செஞ்சேன். நான் எங்க தப்பு பண்ணேன் மேடம்?" என்று கேட்டார். அவர் பண்ணிய தப்பு ஒன்றுமில்லை. எழுப்புதல் மேடையில் தேதி குறிக்கிறவர்களை நான் குறை சொல்வேன். அன்று நானும் அதைத்தான் செய்திருந்தேன், படித்த பட்டத்தைப் பக்கத்தில் மாட்டிக்கொண்டு. அதிலிருந்து யாருக்கும் தேதி சொல்வதில்லை. "முன்னப்பின்ன ஆகும், நடுவுல சறுக்கும், சறுக்கினா உடனே வந்து சொல்லுங்க" என்று முதல் நாளே சொல்லிவிடுகிறேன். இப்படிச் சொன்னால் சிலர் வேறு ஆளைப் பார்க்கப் போய்விடுவார்கள். போகட்டும்.

வீட்டார் செய்கிற ஒரு தப்பு: தினமும் காலையில் "இன்னைக்கு எப்படி இருக்கு, பரவாயில்லையா?" என்று கேட்பது. அன்பில்தான் கேட்கிறார்கள். கேட்கப்படுகிறவருக்கு அது தினசரிப் பரீட்சை. உடன்குடிப் பக்கத்துப் பாட்டி ஒருவர், பேத்தியைக் கூட்டி வந்தவர், தன் மகனை என் முன்னாலேயே அதட்டினார்: "பனங்கொட்டையைப் புதைச்சுட்டுத் தினமும் தோண்டித் தோண்டிப் பாத்தா கெழங்கு எப்படிலே வைக்கும்?" பனங்கொட்டை முதலில் கீழ்நோக்கித்தான் முளைவிடும். மேலே ஒன்றும் தெரியாது. மூன்று நான்கு மாதம் கழித்துத்தான் கிழங்கு. அந்தப் பாட்டி என் வேலையைக் குறைத்துவிட்டார். "எப்படி இருக்கு" என்பதற்குப் பதில் "சாயங்காலம் கடைக்குப் போறேன், கூட வாரியா?" என்று கேட்கலாம். வரவில்லை என்றால் விட்டுவிடலாம்.

எல்லாவற்றையும் இழந்து உட்கார்ந்திருந்த யோபுவைப் பார்க்க வந்த நண்பர்களை நாம் திட்டுவோம். ஆனால் முதல் ஏழு நாள் இரவும் பகலும் அவர்கள் ஒரு வார்த்தையும் பேசாமல் அவனோடு தரையில் உட்கார்ந்திருந்தார்கள். வாயைத் திறந்த பிறகுதான் எல்லாம் கெட்டது.

இனி, எப்போதெல்லாம் காத்திருக்கவே கூடாது என்பதையும் சொல்லியாக வேண்டும். பொறுமையைப் பற்றி எழுதிவிட்டு இதைச் சொல்லாமல் போனால் பாவம். செத்துவிடலாம் என்று ஒருவர் சொன்னால், விளையாட்டாகச் சொன்னாலும், உபவாசக் கூட்டம் முடியட்டும் என்று தள்ளிப்போடாதீர்கள். நாள் கணக்கில் தூக்கமே இல்லாமல் புதிது புதிதாகப் பெரிய திட்டம் போட்டுக்கொண்டு, தனக்கு மட்டும் தேவன் விசேஷ ஊழியம் கொடுத்திருக்கிறார் என்று ஓயாமல் பேசிக்கொண்டிருந்தால், அது அபிஷேகம்தான் என்று முடிவு கட்டும் முன் ஒரு மருத்துவரைப் பாருங்கள். யாருக்கும் கேட்காத குரல் கேட்டாலும், சாப்பாட்டை அடியோடு விட்டாலும் அப்படியே. பிரசவமான பெண் சில நாளில் குழப்பமாகப் பேசினாலோ, பிள்ளையைக் கண்டு பயந்தாலோ அன்றைக்கே போக வேண்டும். 14416 என்ற டெலிமானஸ் எண்ணில் (அரசின் மனநல உதவி எண்) எந்த நேரமும் தமிழில் பேசலாம், காசு கிடையாது.

இன்னொன்று. அடிக்கிற புருஷனோடு வாழும் பெண்ணிடம், "பொறுமையா இரு மகளே, ஜெபம் பண்ணு, கர்த்தர் அவனை மாத்துவார்" என்று சொல்லி அனுப்புவதை இன்றும் கேட்கிறேன். புண் ஆறப் பொறுமை வேண்டும், சரி. புண்ணைத் தினமும் கீறுகிறவனைப் பொறுத்துக்கொண்டால் எந்தப் புண் ஆறும்? அந்தப் பெண்ணுக்கு முதலில் வேண்டியது பத்திரமான ஓர் இடம். 181 என்ற பெண்கள் உதவி எண் அதற்குத்தான் இருக்கிறது.

போதகர்களிடம் ஒரு வேண்டுகோள். எனக்குத் தெரிந்த சபைப் போதகர் ஒருவர், வீடு சந்திக்கப் போகும்போது ஜெபம் முடிந்ததும், "ஆமென் சொல்லியாச்சுல்ல, இப்போ மாத்திரையைப் போடுங்க, தண்ணி நான் தாரேன்" என்று டம்ளரை எடுத்துக் கொடுப்பார். வேறெதுவும் செய்வதில்லை. அவர் சபையிலிருந்து என்னிடம் வருகிறவர்கள் பாதியில் நிற்பது குறைவு. சாட்சி வேளையில் "இன்னும் முழுசா சரியாகல, மருந்து எடுத்துட்டு இருக்கேன், ஜெபிங்க" என்று ஒருவர் சொல்ல இடம் கொடுத்தால் எத்தனை பேர் மூச்சு விடுவார்கள் தெரியுமா? 13ஆம் சங்கீதம் "எதுவரைக்கும்" என்று நாலு தடவை கேட்கிறது. 88ஆம் சங்கீதம் விடியாமலே, இருட்டிலேயே முடிகிறது. அதையும் வேதத்தில் வைத்துத்தானே நமக்குக் கொடுத்திருக்கிறார்கள். அன்னை தெரேசாவின் கடிதங்கள் 2007இல் வெளியானபோது, ஏறக்குறைய அரை நூற்றாண்டு அவர் கடவுளின் அருகாமையை உணராமலே வேலை செய்திருக்கிறார் என்று தெரிந்து பலர் அதிர்ந்தார்கள். என்னிடம் வருகிறவர்களில் சிலருக்கோ அந்தச் செய்தி கொடுத்த ஆறுதல் சொல்லி மாளாது.

அந்த ஆசிரியை மறுபடி மாத்திரை தொடங்கினார். இரண்டாம் முறை தூக்கம் வர ஏழு வாரம் ஆனது. சபையில் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று நானும் கேட்கவில்லை. தன் பெண்கள் ஐக்கியத்தில் ஒரே ஒருவரிடம் சொன்னாராம். அந்த அக்கா பையைத் திறந்து தன்னுடைய மாத்திரை அட்டையைக் காட்டியிருக்கிறார். நாலு வருஷமாகச் சாப்பிடுகிறாராம்.

கடைசியாக ஓர் அப்பா. பைக் விபத்தில் மகன் போய்ப் பதினான்கு மாதம் ஆகிறது. அடக்கம் முடிந்த ஆறாம் நாள், "கர்த்தர் கொடுத்தார், கர்த்தர் எடுத்தார்" என்று யாரோ சொன்னதிலிருந்து கோயிலுக்குள் கால் வைக்கவில்லை. அந்த வசனத்தைத் தன் வாயால் சொன்ன யோபு, தன் பிள்ளைகளை இழந்தவன். இவரிடம் சொன்னவர் எதையும் இழந்தவர் அல்ல. மகன் அங்கே கொயரில் பாடியவன். அந்த ஆர்கன் சத்தத்தைத் தாங்க முடியாது என்பார். நான் போகச் சொன்னதே இல்லை. முதலில் காம்பவுண்டுக்கு வெளியே டீக்கடை வரை போனார், தானாகவே. சில மாதம் அதோடு நின்றது. பின்பு கேட்டுக்குள். போன வாரம் வந்தபோது, வேப்ப மரத்தடி பெஞ்சில் உட்கார்ந்ததாகச் சொன்னார்.

"உள்ள போகல. பாட்டு கேட்டுச்சு. மூணாவது சரணம் வரைக்கும் இருந்தேன். அப்புறம் எழும்பி வந்துட்டேன்."

"எத்தனை சரணம் அந்தப் பாட்டுல?"

"அஞ்சு."

ஃபைலில் 'மூன்றாவது சரணம்' என்று எழுதி, அடுத்த சந்திப்புக்கு இரண்டு வாரம் கழித்து ஒரு புதன்கிழமையைக் குறித்துக் கொடுத்தேன்.